புல்லட் போன ஊரில் காளை ஆடுகிறது!

சிங்கப்பெருமாள்கோவிலில் திருச்சி நெடுஞ்சாலையை விட்டுத் திரும்பி, ஒரகடம் வழியாக ஸ்ரீபெரும்புதூர் போகிற சாலையை ராத்திரியில் ஒரு தடவை பார்க்க வேண்டும். அங்கே ஊர் அடங்குகிற நேரம் என்று ஒன்று கிடையாது. கம்பெனி பஸ்கள் வரிசையாக வருகின்றன. ஒரு ஷிப்ட் உள்ளே போகிறது, இன்னொரு ஷிப்ட் கண்ணைக் கசக்கிக்கொண்டு வெளியே வருகிறது. டீக்கடை பெஞ்சில் தமிழுக்குப் பக்கத்தில் இந்தி, அதற்குப் பக்கத்தில் ஒடியா. கண்டெய்னர் லாரிகள் ஓரங்கட்டி நிற்கின்றன.

இந்தச் சாலையை ஒட்டித்தான் வல்லம் வடகால் இருக்கிறது. தமிழில் 'கால்' என்றால் வாய்க்காலும்தான். அந்த நாள் பாசனம் பெயரில் மட்டுமாவது தங்கியிருக்கிறது. இப்போது ஊரைச் சுற்றி சிப்காட் தொழிற்பூங்கா. ராயல் என்ஃபீல்டு மோட்டார் சைக்கிள் ஆலை இங்கே 2017-ல் திறந்தது. அதற்கு முன் 2013-ல் ஒரகடத்தில் ஒன்று. அதற்கும் வெகுகாலம் முன்னால், 1955-லேயே திருவொற்றியூரில் ஒன்று. மாடலுக்கு என்ன பெயர் வைத்தாலும் நம் ஊரில் அது புல்லட்தான்.

அந்த புல்லட் எவ்வளவு தூரம் போகிறது தெரியுமா? 2022 டிசம்பரில் அந்த நிறுவனம் பிரேசில் நாட்டின் மனாவுஸ் நகரத்தில் ஓர் ஆலையைத் தொடங்கியது. இங்கேயிருந்து பாகம் பாகமாகப் பெட்டியில் போகிற வண்டியை அங்கே வைத்துப் பூட்டுகிறார்கள். மனாவுஸ் இருப்பது அமேசான் காட்டின் நடுவில்!

காட்டுக்குள் என்ன ஃபேக்டரி என்று கேட்கத் தோன்றும். 1967-ல் பிரேசில் அரசு மனாவுஸைச் சலுகை வரி மண்டலமாக்கியது. தொலைக்காட்சிப் பெட்டி, கைபேசி, மோட்டார் சைக்கிள் என்று தொழிற்சாலைகள் குவிந்தன. பிரேசிலில் தயாராகும் மோட்டார் சைக்கிள்களில் பெரும்பாலானவை இன்று அந்த ஊர்ச் சரக்கு. சுருக்கமாகச் சொன்னால், அது அவர்களுடைய ஒரகடம்.

அந்த ஒரகடத்திலிருந்து ஆற்றோடு கிழக்கே போனால் ஒரு திருவிழா நடக்கிறது. நம் ஒரகடத்திலிருந்து கொஞ்சம் மேற்கே போனாலும் ஒரு திருவிழா நடக்கிறது. ஒன்று எப்படி வளர்ந்தது என்று பார்த்தால், இன்னொன்று எதனால் திணறுகிறது என்பது கொஞ்சம் புரியும்.

மசக்கைக்காரி கேட்ட மாட்டு நாக்கு

மனாவுஸிலிருந்து அமேசான் ஆற்றில் படகேறினால் ஏறத்தாழ ஒரு நாள் பயணத்தில் பரின்டின்ஸ் என்ற தீவு நகரம். சாலை வழி கிடையாது. படகு, இல்லாவிட்டால் விமானம். படகின் தளத்தில் தூளி கட்டிப் படுத்துக்கொண்டு ஜனங்கள் போவார்கள். ஜூன் மாதக் கடைசி வார இறுதியில் அந்த ஆற்றில் படகுக்குப் படகு இடிக்கும். மூன்று ராத்திரி 'போய் பும்பா' திருவிழா.

போர்த்துகீசிய மொழியில் 'போய்' என்றால் எருது. துணியும் வெல்வெட்டும் போர்த்திய எருதுக் கூட்டுக்குள் ஓர் ஆள் புகுந்துகொண்டு ஆடுவார். நம் பொய்க்கால் குதிரையும் காளையாட்டமும் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. எருதுக்குள் இருக்கும் ஆளுக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர்தான் அழகு: 'த்ரிபா'. அதாவது, குடல்.

கதை ரொம்பச் சின்னது. பண்ணையில் வேலை செய்கிற ஃபிரான்சிஸ்கோவின் மனைவி கதிரினா பிள்ளை உண்டாகியிருக்கிறாள். மசக்கை. அவளுக்கு மாட்டு நாக்கு சாப்பிட வேண்டும்போல் இருக்கிறது. ஏதோ ஒரு மாட்டின் நாக்கு என்றால் போதாது, பண்ணையார் செல்லமாக வளர்க்கிற எருதின் நாக்கேதான் வேண்டும். பெண்டாட்டி பேச்சைத் தட்ட முடியாமல் ஃபிரான்சிஸ்கோ எருதைக் கொன்றுவிடுகிறான். பண்ணையாருக்குத் தெரிந்துபோகிறது. ஆள் அனுப்பித் தேடிப் பிடிக்கிறார்கள். வைத்தியர் வருகிறார், பாதிரியார் வருகிறார், பழங்குடிப் பூசாரி வருகிறார். கடைசியில் எருது தும்மிக்கொண்டு எழுந்து நிற்கிறது. ஃபிரான்சிஸ்கோவுக்கு மன்னிப்பு. எல்லோரும் ஆடுகிறார்கள்.

முதலாளியின் பொருளை வேலையாள் கை வைத்த கதை. பண்ணையில் கூலிகளும் அடிமைகளும் சேர்ந்து ஆடிய ஆட்டம் என்பதால், பண்ணையார் வேஷத்துக்குக் கேலி கொஞ்சம் தூக்கலாகவே இருக்கும். நம் கூத்துக் கட்டியக்காரன் ராஜாவைப் பார்த்து "யாருய்யா நீ?" என்று கேட்கிற அதே துணிச்சல்.

பரின்டின்ஸில் இரண்டு எருதுகள். நெற்றியில் சிவப்பு இதயம் வரைந்த வெள்ளை எருது கரன்டிடோ. நெற்றியில் நீல நட்சத்திரம் வரைந்த கறுப்பு எருது கப்ரிஷோசோ. ஊரே சிவப்பு, நீலம் என்று இரண்டாகப் பிரிந்து நிற்கும். எதிரணியின் பெயரை வாயால் சொல்வதே தோஷம்; 'எதிராளி' என்றுதான் குறிப்பிடுவார்கள். நீலக்காரர்கள் சிவப்பைத் தொடமாட்டார்கள் என்பதால், உலகம் முழுக்கச் சிவப்பில் விளம்பரம் செய்கிற கோகோ கோலா அந்த ஊரில் மட்டும் நீலத்திலும் விளம்பரம் வைத்தது! ஓர் அணி ஆடும்போது எதிரணி ரசிகர்கள் சத்தம் போட்டால் மார்க் குறையும். ஆகவே பாதி மைதானம் ஆர்ப்பரிக்க, மறுபாதி கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும். நம் ஊர் ரசிகர் மன்றங்களுக்கு இதைச் சொல்லிக்கொடுக்க யாராவது முன்வரலாம்.

ஒரே பஞ்சம், இரண்டு கடல்

இந்த எருது அமேசான் காட்டில் பிறந்ததல்ல. காட்டில் ஏது மாட்டுப் பண்ணை? அது பிரேசிலின் வடகிழக்கிலிருந்து வந்தது. அங்கே மரன்யாவ் மாநிலத்தில் இன்றும் பழைய முறையில் ஆடுகிறார்கள். யுனெஸ்கோ 2019-ல் அதை மனிதகுலத்தின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது.

1877-லிருந்து இரண்டு மூன்று ஆண்டுகள் வடகிழக்கு பிரேசிலில் மழை பொய்த்தது. லட்சக்கணக்கில் ஜனங்கள் செத்தார்கள். தப்பியவர்களில் பலர் அமேசானுக்கு ரப்பர் பால் எடுக்கப் போனார்கள். அவர்கள் மூட்டையோடு எருதும் போனது.

அந்த வருடங்கள் நமக்கும் தெரிந்தவைதான். 1876 முதல் 1878 வரை சென்னை ராஜதானியைச் சூறையாடிய தாது வருஷப் பஞ்சம்! இரண்டுக்கும் காரணம், பசிபிக் கடல் சூடேறுகிற அதே எல் நினோதான் என்று வானிலை வரலாறு எழுதியவர்கள் சொல்கிறார்கள். ஒரே பஞ்சம் பூமியின் இரண்டு பக்கத்திலும் வயிற்றில் அடித்தது. அந்தப் பக்கத்து ஜனம் அமேசானுக்குப் போனது. இந்தப் பக்கத்து ஜனம் இலங்கைத் தோட்டங்களுக்கும் பிறகு மலாயாவுக்கும் கப்பலேறியது.

இதில் இன்னொரு முடிச்சும் இருக்கிறது. பஞ்சம் தொடங்கிய அதே 1876-ல்தான் ஹென்றி விக்காம் என்ற ஆங்கிலேயர் அமேசானிலிருந்து ரப்பர் விதைகளை லண்டனின் கியூ தோட்டத்துக்குக் கொண்டுபோனார். அங்கே முளைத்த கன்றுகள் இலங்கைக்கும் மலாயாவுக்கும் வந்தன. அவற்றில் பால் வடித்தவர்களில் பெரும்பகுதி தமிழர்கள். தோட்ட ரப்பர் சந்தைக்கு வந்ததும் காட்டு ரப்பர் விலை விழுந்தது. 1896-ல் ஐரோப்பாவிலிருந்து பளிங்கு கொண்டுவந்து ஆப்பரா அரங்கம் கட்டிய மனாவுஸ், 1910-க்குப் பிறகு சில வருடங்களிலேயே நொடித்துப்போனது. அந்த நகரத்தின் வீழ்ச்சியில், தங்களுக்கே தெரியாமல், நம் பாட்டன்மார் கைக்கும் பங்குண்டு.

ரப்பர் போனபிறகும் எருது போகவில்லை. கரன்டிடோ, கப்ரிஷோசோ இரண்டுமே தாங்கள் பிறந்ததாகச் சொல்லிக்கொள்ளும் ஆண்டு 1913. கையில் காசு இல்லாத காலத்தில் தெருவில் விளக்கு பிடித்துக்கொண்டு ஆடிய ஆட்டம்.

கப்பலேறிய தமிழர்களும் வெறுங்கையோடு போகவில்லை. இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்டங்களில் இன்றும் மாசி மாதம் காமன் கூத்து நடக்கிறது. சிவன் நெற்றிக்கண்ணால் மன்மதனை எரிக்கிறார், ரதி அழுது புலம்புகிறாள், காமன் எழுகிறான். செத்த எருது எழுவதைப்போலவே! பொன்னர் சங்கரும் அர்ச்சுனன் தபசும்கூட அந்த மலைகளுக்குப் போய்ச் சேர்ந்தன. லயத்து வாசலில், பகல் முழுக்கக் கொழுந்து பறித்த ஜனம் ராத்திரியில் ஆடிய ஆட்டங்கள் அவை.

ராத்திரியில் என்பதுதான் விஷயம். தோட்டத்துரை பகலை முழுசாக எடுத்துக்கொண்டார். கூலியைப் பிடித்தம் செய்தார். பிரம்பும் இருந்தது. ஆனால் இருட்டியபின் தேயிலை பறிக்க முடியாது. ராத்திரி கூலிக்காரர்களுடையது. பரின்டின்ஸ் எருதும் மலையகத்துக் காமனும் அந்த ராத்திரியில்தான் பிழைத்துக்கிடந்தார்கள்.

மூன்று ஷிப்டில் ஓடுகிற தொழிற்சாலைக்கு இருட்டு கிடையாது. வல்லம் வடகாலைச் சுற்றியிருக்கிற கூத்துக்கு வந்திருக்கிற சிக்கல் இதுதான்.

விடிய விடிய பாரதம்

காஞ்சிபுரம், செய்யாறு, வந்தவாசி, ஆரணி... இந்த வட்டாரத்துக்குக் கூத்துத்தான் அடையாளம். காஞ்சிபுரம் பட்டுப்புடவைக்குக் கிடைத்த பேர் கூத்துக்குக் கிடைக்கவில்லை. ஆனால் ஊருக்குள் கேட்டுப் பாருங்கள். புடவை ஒரு கல்யாணத்துக்கு. கூத்து வருஷா வருஷம்.

கிரீடம், புஜக்கட்டை, மார்ப்பதக்கம் என்று மரத்தில் செதுக்கி, கண்ணாடிச் சில் பதித்த அணிகலன்கள். இந்தக் 'கட்டை'களைக் கட்டிக்கொண்டு ஆடுவதால் கட்டைக்கூத்து என்கிறார்கள் ஒரு சாரார். தெருக்கூத்து என்றே சொல்ல வேண்டும் என்பவர்களும் உண்டு. இந்தப் பெயர்ச் சண்டை கரன்டிடோ-கப்ரிஷோசோ சண்டைக்குக் குறைந்ததல்ல என்பதால் அதற்குள் போகவேண்டாம். மிருதங்கம், டோலக், ஆர்மோனியம், தாளம், கூடவே நெஞ்சைக் கீறுகிற முகவீணை. இரண்டு பேர் பிடித்த திரைக்குப் பின்னாலிருந்து வேஷம் பாடிக்கொண்டே வரும். முதலில் கிரீடம் தெரியும், அப்புறம் கால் சலங்கை கேட்கும், கடைசியில்தான் முகம்.

திரௌபதி அம்மன் கோயில் பாரத விழாவென்றால் பத்து நாள், இருபது நாள்கூட நடக்கும். மத்தியானம் பாரதப் பிரசங்கம். பெரியவர்களும் பெண்களும் பந்தலில் உட்கார்ந்து கேட்பார்கள். அன்றைக்குச் சொன்ன கதையை அன்று ராத்திரி கூத்தாக ஆடுவார்கள். வில் வளைப்பு, ராஜசூய யாகம், பகடைத் துகில், கிருஷ்ணன் தூது, அபிமன்யு சண்டை, கர்ண மோட்சம், பதினெட்டாம் போர். ராத்திரி ஒன்பது பத்து மணிக்குத் தொடங்கினால் விடியும்வரை.

அர்ச்சுனன் தபசு அன்று கூத்து மேடையை விட்டு இறங்கிவிடும். உயரமான பனைமரத் தம்பம் ஒன்றை நட்டிருப்பார்கள். அர்ச்சுனன் வேஷக்காரர் பாடிக்கொண்டே படிப்படியாக ஏறுவார். கீழே பிள்ளை வரம் வேண்டுகிற பெண்கள் ஈரப் புடவையோடு காத்திருப்பார்கள். மேலேயிருந்து வில்வ இலையும் எலுமிச்சம்பழமும் விழும். மடியில் விழுந்தால் வரம். அந்த நேரத்தில் அது நாடகமா பூஜையா என்று யாரும் பிரித்துப் பார்ப்பதில்லை. ஏறுகிறவருக்கும் அது வேஷமாக மட்டும் இருப்பதில்லை.

கடைசி நாள் காலை படுகளம். கோயிலுக்கு முன்னால் மைதானத்தில் துரியோதனன் மல்லாந்து படுத்திருப்பான். 30, 40 அடி நீளத்துக்கு மண்ணாலேயே செய்த உருவம். கண், மீசை, கிரீடம் எல்லாவற்றுக்கும் வண்ணம் பூசியிருப்பார்கள். ராத்திரி முழுக்க ஆடிய பீமனும் துரியோதனனும் வேஷம் கலைக்காமல், வியர்வையில் அரிதாரம் வழிய, அந்த மண் உடம்பைச் சுற்றி ஓடுவார்கள். பீமன் தொடையில் அடிப்பான். உள்ளே புதைத்த பானை உடைந்து சிவப்பு பெருகும். திரௌபதி அந்த ரத்தத்தைத் தொட்டுக் கூந்தலை முடிவாள். பகடைத் துகில் அன்று விரித்த கூந்தல் அது. கூட்டத்தில் நிற்கிற பாட்டிகள் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள், வருஷா வருஷம் பார்த்த காட்சியாக இருந்தும். சாயங்காலம் தீமிதி.

அடித்துக் கலைத்த துரியோதனன் மண்ணில் ஒரு பிடி எடுத்துக்கொண்டு போவார்கள். வயலில் போட்டால் விளையும், குதிரில் போட்டால் தானியம் குறையாது என்று நம்பிக்கை. எருதும் காமனும் எழுந்துவிடுகிறார்கள். துரியோதனன் எழுவதில்லை, அவன் வயலுக்கு எருவாகப் போகிறான்.

இனி அந்த மண்ணை எங்கே போடுவது என்பதுதான் இந்தத் தொழிற்சாலைச் சாலையோரத்து ஊர்களின் கேள்வி.

13 கட்டடம், 18,720 கட்டில்

வல்லம் வடகாலில் 2024 ஆகஸ்ட் 17-ம் தேதி ஒரு பெரிய குடியிருப்பைத் தமிழக முதல்வர் திறந்து வைத்தார். 20 ஏக்கர் நிலம், 13 கட்டடத் தொகுதிகள், 706 கோடி ரூபாய்க்கு மேல் செலவு. 18,720 பெண் தொழிலாளர்கள் தங்கலாம். ஃபாக்ஸ்கான் ஆலைக்கு ஐபோன் பூட்டப் போகிற பெண்கள் இங்கே தங்குவதற்காகத்தான் இவ்வளவு ஏற்பாடு. இதே நிறுவனம் பிரேசிலில் சாவ் பாவ்லோ அருகேயும் ஐபோன் பூட்டுகிறது என்பது இன்னொரு பொருத்தம்.

பெண்பிள்ளை வெளியூரில் வேலைக்குப் போவதா என்று தயங்குகிற வீடுகளுக்கு, பத்திரமான அறையும் வாசலில் பஸ்ஸும் சாதாரண விஷயமல்ல. இப்படி ஒரு வசதி இல்லாமல் நெரிசலான வாடகை வீடுகளில் முடங்கியிருந்தவர்களைக் கேட்டால் தெரியும். அந்தச் சம்பளத்தில் தம்பி படிக்கிறான், அக்கா கல்யாணக் கடன் அடைகிறது. கூத்துக்காக யாரும் வேலையை விடச் சொல்ல முடியாது. சொல்வது அநியாயமும்கூட.

ஆனால் பதினெட்டாயிரம் பேர் என்பது சின்ன ஊர் இல்லை. அவர்களில் கரகம் தெரிந்த வீட்டுப் பெண் இருப்பாள், கும்மிப் பாட்டு தெரிந்தவள் இருப்பாள், அப்பா கூத்தில் ஆர்மோனியம் வாசிக்கிறவளும் இருப்பாள். அமேசானுக்குப் போன கூலிகள் எருதைக் கொண்டுபோனதுபோல இவர்கள் எதைக் கொண்டுவந்திருக்கிறார்கள்? ஒரே அறையில் இருப்பவர்களுக்கே வெவ்வேறு ஷிப்ட் விழுகிறபோது, எல்லோரும் ஒன்றாக விழித்திருக்கிற ஒரு ராத்திரி எங்கே கிடைக்கும்?

உள்ளூர்க்காரர்களுக்கும் இதே கதைதான். கூத்து பார்த்துவிட்டு விடிந்தபின் வீட்டுக்கு வந்து தூங்கி, மத்தியானம் வயலுக்குப் போவது விவசாயிக்கு முடியும். காலை ஷிப்டுக்கு அடையாள அட்டையைத் தேய்க்க வேண்டியவருக்கு முடியாது. பந்தலில் முன் வரிசையில் பாட்டிகளும் குழந்தைகளும், பின் வரிசையில் யாருமில்லை என்றால், காரணம் டி.வி மட்டும் இல்லை.

பள்ளிக்கூடம் போன கூத்து

இந்தப் பகுதியில் இந்தச் சிக்கலை நேராகப் பார்த்தவர் பெ. ராஜகோபால். பெருங்கட்டூர் கூத்துப் பரம்பரையில் வந்தவர். பத்து வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு அப்பாவின் ஜமாவில் சேர்ந்தவர். அவரும் அவர் மனைவி ஹன்னே டி புருயினும் இன்னும் பல கலைஞர்களோடு சேர்ந்து 1990-ல் கட்டைக்கூத்துச் சங்கத்தைத் தொடங்கினார்கள். ஹன்னே, நெதர்லாந்திலிருந்து கூத்தைப் பற்றி ஆராய வந்து இங்கேயே தங்கிவிட்டவர்.

2002-ல் காஞ்சிபுரத்துக்கு அருகே புஞ்சை அரசன்தாங்கலில் கட்டைக்கூத்து குருகுலம். கூத்தாடினால் படிப்பு போய்விடும், படித்தால் கூத்து போய்விடும் என்கிற நிலைமையை மாற்றத்தான் அந்த ஏற்பாடு. பாடமும் நடக்கும், பயிற்சியும் நடக்கும். இன்னொரு காரியமும் செய்தார்கள். ஆண்களே பெண் வேஷம் கட்டி வந்த கலையில் பெண் குழந்தைகளையும் சேர்த்தார்கள். அங்கே பயின்ற பெண்கள் மேடையில் துரியோதனனாகவும் துச்சாதனனாகவும் வந்தபோது, ஊர்ப் பெரியவர்களுக்கு முதலில் சங்கடமாக இருந்தது. பாட்டு சரியாக விழுந்ததும் சங்கடம் போய்விட்டது. 2017-ல் கர்நாடக இசைப் பாடகி சங்கீதா சிவகுமாரோடு சேர்ந்து ராஜகோபால் குழுவினர் ஒரே மேடையில் கச்சேரியையும் கூத்தையும் நிகழ்த்தினார்கள்.

குருகுலம் 2020-ல் மூடப்பட்டது. அங்கே கற்றவர்கள் ஆடிக்கொண்டிருக்கிறார்கள்.

இரண்டு மூன்று மணி நேரத்தில் முடிகிற கூத்துகளும் வந்துவிட்டன. நகரத்து சபாக்களுக்கு அது போதும். ஆனால் விடிய விடிய ஆடுவதற்கும் மூன்று மணி நேரம் ஆடுவதற்கும் வித்தியாசம் நேரம் மட்டுமில்லை. நடுராத்திரி தாண்டி, பார்க்கிறவர் பாதித் தூக்கத்தில் இருக்கும்போது கேட்கிற முகவீணை வேறு. கர்ணன் சாகிற நேரமும் கிழக்கு வெளுக்கிற நேரமும் ஒன்றாக வருகிற அந்தக் கணக்கை மாலை ஆறு மணி மேடையில் கொண்டுவர முடியாது.

மைதானம் வந்தால் போதுமா?

பரின்டின்ஸ்காரர்கள் வேறு வழியில் போனார்கள். 1960-களின் நடுவில் எருதுகளை ஒரே விழாவில் போட்டிக்கு நிறுத்தினார்கள். 1988-ல் எருதுக்கென்றே 'பும்போட்ரோமோ' என்ற நிரந்தர அரங்கம் கட்டினார்கள். விளம்பரதாரர்கள் வந்தார்கள், தொலைக்காட்சி வந்தது, 2018-ல் தேசியப் பண்பாட்டு மரபு என்ற அங்கீகாரமும் வந்தது. மாடிவீட்டு உயரத்துக்கு எழுந்து, கண்ணைச் சிமிட்டி, வாயைத் திறக்கிற பொம்மைகளைச் செய்கிற அந்த ஊர்க் கைவினைஞர்களை ரியோ, சாவ் பாவ்லோ கார்னிவல் குழுக்கள் கூப்பிட்டு வேலை கொடுக்கின்றன. பிழைப்புக்கு வழியில்லாத தீவில் ஒரு கலை சோறு போடுகிறது. கேலி செய்ய இதில் ஒன்றுமில்லை.

விலையும் உண்டு. பொம்மை பெரிதாகப் பெரிதாக, கதிரினாவின் மசக்கை சின்னதாகிவிட்டது. பண்ணையாரைக் கிண்டல் செய்த கூலிக்காரன் ஓர் ஓரமாக வந்து தலைகாட்டிவிட்டுப் போகிறான். அமேசான் தொன்மங்களும் இறகு அலங்காரங்களும் மைதானத்தை நிறைக்கின்றன. பார்க்கப் பிரமாதம், சந்தேகமில்லை. ஆனால் கதை அறிந்துகொள்ள வேண்டுமென்றால் மரன்யாவ் பக்கத்துச் சின்ன ஊர்களுக்குத்தான் போக வேண்டும்.

நம் கூத்தில் கதை இன்னும் முழுசாக இருக்கிறது. கட்டியக்காரன் இன்னும் யாரையும் விடுவதில்லை. அவன் வாயில் செல்போனும் கந்துவட்டியும் கம்பெனி வேலையும் சேர்ந்தே அடிபடும். இல்லாதது அரங்கம் அல்ல. திறந்த மைதானமே அதற்குப் போதும். தேவை, ஊர் முழுக்க ஒன்றாக விழித்திருக்கிற சில ராத்திரிகள். படுகளத்துக்கு மறுநாள் மட்டுமாவது அந்தந்த ஊர்த் தொழிலாளர்களுக்கு ஷிப்ட் மாற்றிக் கொடுக்க ஒரு கம்பெனி முன்வந்தால், அது எந்த மேடையையும்விடப் பெரிய உதவி.

அதுவரை கைபேசிதான் கைகொடுக்கிறது. முழு ராத்திரிக் கூத்துகளை அப்படியே பதிவுசெய்து யூடியூபில் போடுகிறார்கள். ஏழு மணி நேர வீடியோவுக்கும் ஆள் இருக்கிறது. கம்பெனி பஸ்ஸில் காதில் ஒயரை மாட்டிக்கொண்டு கண்ணை மூடியிருப்பவர் சினிமாப் பாட்டுத்தான் கேட்கிறார் என்று முடிவு கட்ட வேண்டாம்.

எப்போது, எங்கே?

தை, மாசி தொடங்கி ஆடி வரை கூத்துப் பருவம். பங்குனியிலிருந்து வைகாசி வரை பாரத விழாக்கள் மும்முரம். காஞ்சிபுரம், செய்யாறு, வந்தவாசி பஸ் நிலையங்களிலும் டீக்கடைச் சுவர்களிலும் நோட்டீஸ் ஒட்டியிருப்பார்கள். எந்த ஊர், எந்த ஜமா, எந்த நாள் என்ன கூத்து என்று நாள்வாரியாகப் போட்டிருக்கும். டிக்கெட் கிடையாது. ஒரு ஜமக்காளமும் ஒரு சால்வையும் போதும், பின்பனி பொல்லாதது. செய்யாறு பக்கம் போகிறவர்கள் புரிசை கிராமத்தையும் சேர்த்துக்கொள்ளலாம். பரம்பரையாகக் கூத்தாடும் கண்ணப்பத் தம்பிரான் குடும்பத்தின் ஊர்.

வல்லம் வடகாலில் வேலை பார்ப்பவர்களுக்கு வழி சுலபம். ஸ்ரீபெரும்புதூர் போய், சுங்குவார்சத்திரம் தாண்டி காஞ்சிபுரம். வாரவிடுமுறைக்கு முந்தின ராத்திரியாகப் பார்த்துக் கிளம்பலாம். பகலில் நேரம் இருந்தால் பக்கத்திலேயே வல்லக்கோட்டை முருகன், ஏழு அடி உயரத்தில் நிற்கிறார். ஸ்ரீபெரும்புதூரில் ராமானுஜர் அவதரித்த கோயில்.

ஒரே ஒரு நாள்தான் முடியும் என்பவர்கள் படுகளத்துக்குப் போகலாம். காலை வெயில் ஏறுவதற்குள் போய்விட வேண்டும். பீமன் கதாயுதத்தோடு மண் துரியோதனனைச் சுற்றி ஓடுகிற அந்த நேரம், ராத்திரி ஷிப்ட் முடிந்த பஸ்கள் ஊர்களுக்குள் திரும்புகிற நேரமும்கூட. டிரைவர் மனசு வைத்தால் ஐந்து நிமிடம் ஓரங்கட்டலாம்.